ஆமாஞ்சாமியின் இடது கால்

"மசோதாவை ஆதரிப்பவர்கள் எழுந்து நிற்கலாம்" என்று சபாநாயகர் சொன்னதும், ஆளுங்கட்சி வரிசை மொத்தமும் எழுந்து நின்றது. ஓர் ஆளைத் தவிர.

அந்த ஓர் ஆளும் எழுந்திருக்கத்தான் பார்த்தார். பெஞ்சை ஊன்றினார். மூச்சை இழுத்துப் பிடித்தார். முன்னால் நின்றவரின் சட்டையைப் பிடித்துத் தொங்கிக்கூடப் பார்த்தார். அந்த ஆள் இவர் கையைத் தட்டிவிட்டார். இடது கால் இருக்கிற இடமே தெரியவில்லை. யாரோ தன் காலைக் கழற்றி இவரிடம் வைத்துவிட்டு வெளியே போயிருப்பது போலிருந்தது.

"யோவ், எந்திரிய்யா!" என்று பல்லைக் கடித்தார் கொறடா. கட்சிக்காரர்கள் ஒழுங்காக ஓட்டுப் போடுகிறார்களா என்று மேய்ப்பதுதான் கொறடாவின் உத்தியோகம்.

"முடியலண்ணே!"

"என்னய்யா முடியல?"

"என்னால முடியாதுண்ணே!"

பதற்றத்தில் குரல் கொஞ்சம் ஓங்கிவிட்டது. எதிரிலிருந்த மைக் வேறு திறந்திருந்தது. அவை முழுக்க அந்த வார்த்தை எதிரொலித்தது. எதிர்க்கட்சிக்காரர்கள் மேசையைத் தட்டோ தட்டென்று தட்டினார்கள். சபாநாயகர் தலைகளை எண்ணினார், கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மறுபடியும் எண்ணினார். மசோதா ஒரே ஓட்டில் தோற்றுப்போனது.

இதை வேறு யாராவது செய்திருந்தால் ஊர் நம்பியிருக்கும். செய்தவர் ஆமாஞ்சாமி. அது அவர் பெயரில்லை. ஆனால் பெயரைச் சொல்லி விசாரித்தால் அவர் தெருவிலேயே யாருக்கும் தெரியாது. கட்சியில் சேர்ந்த நாளிலிருந்து அவர் வாயிலிருந்து வந்த ஒரே வார்த்தை "சரிங்க". தலைவர் எழுந்தால் எழுவார், உட்கார்ந்தால் உட்காருவார், தும்மினால் கைக்குட்டையை எடுப்பார். எந்த மசோதா, என்ன ஏது என்றெல்லாம் மண்டையைக் குழப்பிக்கொண்டதே கிடையாது. முன் வரிசை எழுந்தால் இவரும் எழுவார், அவ்வளவுதான் அரசியல்.

இந்த முறை மசோதா அவருடைய சொந்த ஊர்ப் பிரசவ ஆஸ்பத்திரியைப் பற்றியது. அதை மூடிவிட்டு, தலைவரின் ஊருக்குக் கொண்டுபோக வேண்டும் என்றது கட்சி. ஆற்றுக்கு இந்தப் பக்கம் வேறு ஆஸ்பத்திரி கிடையாது. இடுப்பு வலி கண்ட பெண்கள் இனி பாலத்தைச் சுற்றிக்கொண்டுதான் போக வேண்டும். குழந்தைகளுக்குப் பாலம் வரும்வரை காத்திருக்கிற பழக்கம் இல்லை.

அந்த ஆஸ்பத்திரியில் தலைமை நர்ஸ் யார் என்றால், ஆமாஞ்சாமியின் மனைவி.

கட்சி முடிவு தெரிந்த அன்று அவர் நடுங்கிக்கொண்டேதான் வீட்டுக்குப் போனார். ஆனால் மனைவி சண்டை போடவில்லை. "கட்சி சொன்னா நீங்க என்னங்க பண்ணுவீங்க?" என்று கேட்டுவிட்டுத் துணியை மடிக்கப் போய்விட்டாள். இப்படி ஒரு மனைவி வாய்க்கக் கொடுத்து வைத்திருக்க வேண்டும் என்று அவர் நிம்மதியாகத் தூங்கினார்.

இப்போது டிரைவர் தோளைப் பிடித்துக்கொண்டு, காலுக்குள் எறும்பு ஊர, நொண்டியபடி அவையிலிருந்து வெளியே வந்தார். பத்திரிகைக்காரர்கள் சூழ்ந்துகொண்டார்கள்.

"ஏன் சார் எழுந்திருக்கல?"

"கால் வரலைங்க" என்றார், உள்ளதை உள்ளபடி.

காலையில் எல்லாப் பத்திரிகையிலும் முதல் பக்கம்: 'அந்த மசோதாவுக்கு எழுந்து நிற்க எனக்குக் காலே வரவில்லை! ஆமாஞ்சாமி உருக்கம்.'

அரசியலில் அடுத்தவன் காலை வாருவதைப் பார்த்திருக்கிறார். சொந்தக் காலே வாரும் என்று அவர் கனவிலும் நினைத்ததில்லை.

தலைவருக்குப் போன் போட்டார்.

"தலைவரே, சத்தியமா வேணும்னு பண்ணலைங்க. என் கால் என் பேச்சைக் கேக்கலைங்க."

"நீ என் பேச்சைக் கேக்கல. உன் கால் உன் பேச்சைக் கேக்கல. நல்ல பரம்பரைய்யா!"

"கால் மரத்துப்போச்சுங்க தலைவரே."

"அப்படின்னா ஒண்ணு செய். ஒரு டாக்டர்கிட்ட காலைக் காட்டு. இந்தக் கால் உதவாத கால்னு அவர் பத்திரிகைக்காரங்க முன்னாடி சொல்லட்டும். நான் நம்பறேன்."

"சரிங்க" என்றார் ஆமாஞ்சாமி. நல்ல யோசனையாகத்தான் பட்டது.

ஊரில் இருந்தது ஒரே டாக்டர். மூடப்படாமல் தப்பிய அதே ஆஸ்பத்திரியின் டாக்டரம்மா. இவர் பத்திரிகைக்காரர்களோடு உள்ளே நுழைந்ததும், வரிசையில் உட்கார்ந்திருந்த நிறைமாதப் பெண்கள் எல்லாரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு எழுந்து நின்றார்கள். "ஐயோ, உக்காருங்கம்மா, உக்காருங்க!" என்று கெஞ்சினார்.

"எங்களுக்காக நீங்க உக்காந்தீங்க, உங்களுக்காக நாங்க எந்திரிக்கக் கூடாதா?" என்றாள், அவர்களோடு எழுந்து நின்ற ஒரு புதுத் தாய். கையில் துணிச் சுருளைப் போல ஒரு குழந்தை. அதை அவரிடம் நீட்டினாள். அவர் வாங்கத் தெரியாமல் வாங்கினார். அது அவருடைய சுண்டுவிரலைப் பிடித்துக்கொண்டு விடமாட்டேன் என்றது.

"மசோதா தோத்துச்சே, அன்னிக்குப் பொறந்தவன். கொடி சுத்திப் பொறந்தான் ஐயா. பாலத்தைச் சுத்திப் போயிருந்தா எனக்கு இவன் இல்ல."

ஆமாஞ்சாமிக்கு என்னவோ போலாகிவிட்டது. குழந்தையைத் திருப்பிக் கொடுத்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அதையும் படம் பிடித்தார்கள்.

டாக்டரம்மா காலை மடக்கினார், நீட்டினார், குத்தினார். "உக்கார்ற இடம் கடினமா இருக்குமா?"

"சேச்சே. என் வீட்டுக்காரம்மா பெஞ்சுக்குன்னே புதுசா ஒரு மெத்தை தைக்கச் சொல்லிக் குடுத்திருக்காங்க. ராஜா மாதிரி உக்காந்திருக்கேன்."

சின்னச் சுத்தியலால் முழங்காலில் ஒரு தட்டுத் தட்டினார் டாக்டரம்மா. இடது கால் பாய்ந்து எதிரில் இருந்த தட்டை உதைத்தது. கத்திரிக்கோல்களும் பஞ்சும் பத்திரிகைக்காரர்கள் மேல் போய் விழுந்தன.

"குதிரைக் கால்!" என்று அறிவித்தார் டாக்டரம்மா. "நரம்புல ஒரு குறையும் இல்ல. எழுதிக்குங்க. ஐயா அன்னிக்கு எழுந்திருக்காததுக்குக் காரணம் கால் இல்ல, நெஞ்சு!"

கிணறு வெட்டப் போய்ப் பூதம் கிளம்பியது. மறுநாள் பத்திரிகையில் கால் பாயும் படம். கீழே, 'மிரட்டலுக்கு உதை!' தலைவர் அதற்குப் பிறகு போனை எடுக்கவில்லை.

அன்று சாப்பிடும்போது மனைவியிடம் மட்டும் உண்மையைச் சொன்னார். "ஊரே தலையில தூக்கி வெச்சு ஆடுது. உன்கிட்ட எதுக்கு மறைக்கணும்? எனக்குக் கால் மரத்துப்போச்சும்மா. இல்லேன்னா நான் எந்திரிச்சிருப்பேன்."

"எந்தக் கால்?" என்றாள் அவள், தட்டிலிருந்து தலையை எடுக்காமல்.

"இடது கால்."

"ம். கொஞ்சம் தண்ணி குடிங்க."

இவ்வளவுதானா என்றிருந்தது அவருக்கு. கோபித்துக்கொண்டிருந்தாலாவது ஆறுதலாக இருந்திருக்கும்.

அடுத்த வாரம் கொறடா வீட்டுக்கே வந்துவிட்டார். கையில் பழக்கூடை, முகத்தில் சிரிப்பு. கொறடா சிரித்தால் காரியம் பெரிது என்று அர்த்தம்.

"மசோதாவை மறுபடியும் கொண்டுவர்றோம். உன் ஒரு ஓட்டுதான்ய்யா குறையுது. இந்தத் தடவை ஒழுங்கா எந்திரிச்சு நில்லு, தலைவர் எல்லாத்தையும் மறந்துடறேன்னுட்டார். துணை மந்திரி பதவி. காருல சிவப்பு விளக்கு. என்ன சொல்ற?"

ஆமாஞ்சாமி வாயைத் திறந்தார். அந்த வாய்க்குத் தெரிந்தது ஒரே வார்த்தை. "சரிங்க."

சொன்ன பிறகுதான் மனைவி டீத் தட்டோடு நிற்பதைப் பார்த்தார். தட்டு ஆடவில்லை, அவள் முகமும் ஆடவில்லை. "ஓட்டெடுப்பு என்னிக்குங்க?" என்று மட்டும் மரியாதையாகக் கேட்டாள்.

"வியாழக்கிழமைம்மா."

கொறடா போனதும் அவள் அவருடைய மெத்தையை எடுத்துப் புரட்டிப் பார்த்தாள். "ஓரமெல்லாம் பிரிஞ்சிருக்கு பாருங்க. மெத்தைக்காரர்கிட்ட குடுத்துடறேன். வியாழக்கிழமைக்குள்ள தைச்சு வாங்கிடலாம்."

"இப்ப அது ரொம்ப முக்கியமா?"

"முக்கியம்தாங்க" என்றாள்.

வியாழக்கிழமை விடிந்தது. மெத்தை வரவில்லை.

அவள் வாசலுக்கும் கூடத்துக்குமாக நடந்தாள். மெத்தைக்காரருக்குப் போன் போட்டாள். "இன்னிக்குக் காலையில வேணும்னு தலை தலையா அடிச்சுக்கிட்டேனே! உங்களை நம்பித்தானே இருந்தேன்!" குரல் உடைந்தது. போனை வைத்துவிட்டுச் சுவரைப் பார்த்தபடி நின்றாள். ஆமாஞ்சாமி அவள் அழுது பார்த்தது மிகக் குறைவு. ஆஸ்பத்திரியில் எத்தனையோ பார்த்தவள் அவள்.

"விடும்மா. ஒரு நாள் வெறும் பெஞ்சுல உக்காந்தா தேஞ்சா போயிடுவேன்?"

"உங்களுக்குப் புரியாதுங்க" என்றாள்.

காரில் போகும்போது அது அவர் நெஞ்சில் முள்ளாகக் குத்தியது. இன்றைக்கு அவளுடைய ஆஸ்பத்திரி போகப் போகிறது, கெடுக்கப் போகிறவன் கட்டிய புருஷன். அவளோ, அந்தப் புருஷனுக்கு உட்காருகிற இடம் நோகுமே என்று அழுகிறாள்! மனுஷனாகப் பிறந்தவன் இதற்கு என்ன பதில் செய்ய முடியும்?

அவையில் வெறும் பெஞ்சில் உட்கார்ந்தார். பார்வையாளர் மாடத்தில், வேலை உடுப்போடு நர்ஸுகள் ஒரு வரிசை. நடுவில் மனைவி, கைக்குட்டையை வாயில் அழுத்திப் பிடித்துக்கொண்டு. ஓரத்தில் அந்தத் தாயும் குழந்தையும்.

'அட, மரத்துப்போயேன்' என்று இடது காலிடம் மனதுக்குள் கெஞ்சினார். வலது காலை அதன்மேல் போட்டு அழுத்தினார். முழங்கையால் தொடையில் குத்திப் பார்த்தார். ஊஹூம். கால் என்றைக்கும் இல்லாத சுறுசுறுப்போடு விரலை ஆட்டிக்கொண்டிருந்தது. வேண்டிய நேரத்தில் கட்சிக்காரனே உதவ மாட்டான், கால் எங்கே உதவப் போகிறது?

"மசோதாவை ஆதரிப்பவர்கள் எழுந்து நிற்கலாம்."

முன் வரிசை எழுந்தது. அவ்வளவுதான், பழக்க தோஷத்தில் அவருடைய உடம்பும் தானாகவே அரையடி எழும்பிவிட்டது. கொறடாவின் முகம் மலர்ந்தது. மாடத்தில் மனைவி கண்ணை மூடிக்கொண்டாள்.

ஆமாஞ்சாமி இரண்டு கையாலும் பெஞ்சின் விளிம்பைப் பிடித்தார். பிடித்து, தன்னைத்தானே இழுத்து, பொத்தென்று உட்கார்ந்தார்.

"என்னய்யா, மறுபடியும் காலா?" என்று குனிந்து சீறினார் கொறடா.

"கால் நல்லாத்தான் இருக்குண்ணே."

"அப்ப எந்திரி!"

"முடியாதுங்க."

வார்த்தை வாய்க்குள் புதுச் செருப்பு மாதிரி கொஞ்சம் கடித்தது. ஆனால் பொருந்தியது. இன்னொரு தடவை சொல்லிப் பார்த்தார். "முடியாதுங்க. எங்க ஊர் ஆஸ்பத்திரி எங்க ஊர்லதான் இருக்கும். உங்க பதவியும் வேண்டாம், உங்க கட்சியும் வேண்டாம். நான் போறேன்."

மசோதா அதே ஒரு ஓட்டில் மறுபடியும் தோற்றது. இவரை ஜன்னலோரத்துத் தனி நாற்காலிக்கு மாற்றினார்கள். எந்தக் கட்சியும் இல்லாதவர்களுக்கான இடம். நல்ல காற்று வந்தது. முன்னால் எழுந்து மறைக்க யாரும் இல்லை என்பதே அவருக்குப் பெரிய சுகமாக இருந்தது.

மாலையில் வீட்டு வாசலில் காரை விட்டு இறங்கும்போது, அவருக்குத் தெரிந்த ரகசியம் உலகத்தில் வேறு யாருக்கும் தெரியாது. முதல் தடவை கால் செய்தது, இரண்டாம் தடவை தான் செய்தது. ஊர் இரண்டுக்கும் ஒரே மாதிரிதான் கைதட்டியது. மனைவியிடமாவது வித்தியாசத்தைச் சொல்லாவிட்டால் அவருக்குத் தலை வெடித்துவிடும்.

"இன்னிக்குக் கால் மரத்துப்போகலம்மா" என்றார், கூடத்தில் போய் உட்கார்ந்ததுமே.

"தெரியுங்க." அவள் அழுதுகொண்டே சிரித்தாள். ஆஸ்பத்திரி உடுப்பைக்கூட மாற்றவில்லை. அவருடைய இடது முழங்காலில் கையை வைத்தாள்.

"எப்படித் தெரியும்?"

"எனக்குத் தெரியாம எப்படி?"

"அப்ப முதல் தடவை மட்டும் ஏன் அப்படி மரத்துச்சு? அதான் இன்னும் எனக்குப் புரியல. அவ்வளவு நல்ல மெத்தை!"

அவள் பதில் சொல்வதற்குள் கதவை யாரோ தட்டினார்கள். மெத்தைக்காரர். வியர்த்து வழிய, மெத்தையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்றார்.

"கோவிச்சுக்காதீங்கம்மா, காலையிலேயே கொண்டாந்திருக்கணும், லேட்டாயிடுச்சு. நீங்க இடது தொடைக்கு நேரா வெக்கச் சொன்ன கட்டை ஓரத்துக்கு நழுவியிருந்துச்சு, அதான் தையல் விட்டுப்போச்சு. இந்தத் தடவை இன்னும் பெரிய கட்டையா வெச்சு அழுத்தித் தைச்சிருக்கேன், இனிமே எந்த ஓட்டெடுப்புலயும் ஐயாவால எந்திரிக்கவே முடியாது!"