நாத்தனார் மூடி

இந்தத் தடவை எப்படியாவது தலைமைப் பொறியாளர் ஆகிவிடுவது என்று முடிவெடுத்தேன். முடிவெடுப்பதில் என்னை அடித்துக்கொள்ள ஆளில்லை. எடுத்த முடிவை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்பதற்குத்தான் மனைவி தேவைப்படுகிறாள்.

எங்கள் தொழிற்சாலை தண்ணீர் பம்பு செய்கிறது. நானும் அவளும் ஒரே கல்லூரியில் பொறியியல் படித்து, ஒன்றாகவே அங்கு வேலைக்குச் சேர்ந்தவர்கள். பெண் பிறந்ததும், யார் வீட்டில் இருப்பது என்று இருவரும் கலந்து பேசினோம். நான் பேசினேன், அவள் கலந்துகொண்டாள். அன்றிலிருந்து அவள் வீட்டில், நான் வடிவமைப்புப் பிரிவில். இயந்திரம் என்றால் ஆம்பளை மூளை வேண்டும் என்று நண்பர்களிடம் சொல்வேன். அவள் எதிரில் சொன்னதில்லை. எனக்கும் உயிர்மேல் ஆசை இருக்கிறது.

எங்கள் பெரிய பம்பில் ஒரு வியாதி. அதை நிறுத்தினால், மேலே ஏறிய தண்ணீர் திரும்பி ஓடிவரும். அதைத் தடுக்கும் மூடி அறைந்து சாத்திக்கொள்ளும். டமால்! குழாய் விரிசல் விட்டுவிடும். வாங்கியவர்கள் பம்பை விட்டுவிட்டு எங்களைத் திட்டினார்கள். “இந்த டமாலை யார் நிறுத்துறாங்களோ, அவங்களுக்குத்தான் தலைமை நாற்காலி” என்று முதலாளி சொல்லிவிட்டார். நானும் பாடாய்ப்பட்டுப் பார்த்தேன். என்னால் நிறுத்த முடிந்தது பம்பை மட்டும்தான்.

அன்று மாலை அவள் காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் போய் நின்றேன்.

“சும்மா ஒரு சந்தேகம்” என்றேன். என் உத்தியோகமே இந்தச் சும்மாவில்தான் ஓடுகிறது.

“டமால்தானே?”

“உனக்கு எப்படித் தெரியும்?”

“தூக்கத்துல டமால் டமால்னு கத்துறீங்க. பொண்ணு பயந்துக்கறா.”

“என்னதான் பண்றது?”

“மூடி சட்டுனு தொறக்கட்டும். முக்காவாசி சட்டுனே சாத்தட்டும். கடைசிக் கொஞ்சம் மட்டும் மெதுவா, பதமா வந்து உக்காரணும்.”

கத்தியை வைத்துவிட்டுப் பென்சிலை எடுத்தாள். அடுப்பிலிருந்த பாலைப் பார்த்துக்கொள்ளும் பொறுப்பை என்னிடம் கொடுத்தாள். அவள் வரைந்து முடித்தாள். பால் பொங்கி முடித்தது.

“இதுக்கு என்ன பேரு?”

“புதுசுங்க. பேரே கிடையாது. ரெண்டு நாள் யோசிச்சுச் சொல்றேன்.”

யோசித்துச் சொன்னாள். “நாத்தனார் மூடி.”

“அதென்ன கண்றாவி?”

“உங்க அக்கா எப்படி வர்றாங்க? சொல்லாம கொள்ளாம, சட்டுனு. கிளம்பறேன்னு எந்திரிக்கறதும் சட்டுனுதான். ஆனா வாசல்ல நின்னு அந்தக் கடைசி அடியை எடுத்து வைக்கறதுக்குள்ள?”

கோபம் வந்தது. ஆனால் உவமையில் ஒரு குற்றமும் கண்டுபிடிக்க முடியவில்லை.

“இதையே சொல்லுங்க, மாத்திடாதீங்க. கேக்கறவங்க மனசுல நிக்கும்” என்றாள். குளிக்கும்போதும் ஒப்பித்துப் பார்த்துக்கொண்டேன்.

தொழிற்சாலையில் மாதிரி செய்து ஓட்டிப் பார்த்தோம். டமால் இல்லை. நேர்முகத் தேர்வு அறையில் முதலாளிக்கு முகமெல்லாம் பல். அவர் பக்கத்தில் கணக்குப் பிரிவின் தலைவி. நாங்கள் கணக்கம்மா என்போம். அவர் சிரிப்பதையும் கணக்குப் பார்த்துத்தான் சிரிப்பார்.

“பிரமாதம்! என்ன பேரு வச்சிருக்கீங்க?” என்றார் முதலாளி.

நெஞ்சை நிமிர்த்தினேன். “நாத்தனார் மூடி சார்!”

விளக்கமும் சொன்னேன். முதலாளி வயிறு குலுங்கச் சிரித்தார். எனக்குத் தலைமை நாற்காலியின் மெத்தைகூட முதுகில் தட்டுப்பட்டது. கணக்கம்மா மட்டும் சிரிக்கவில்லை.

“உங்களுக்கு ஏது சார் நாத்தனார்?”

“எங்க அக்காதான் மேடம்.”

“அக்கா உங்களுக்கு. நாத்தனார் யாருக்கு?”

“என் மனைவிக்கு...”

வாயைச் சட்டென்று மூடியிருக்கலாம். அதுவும் மெதுவாகத்தான் மூடியது.

“உலகத்துல எந்த ஆம்பளைக்காவது நாத்தனார் உண்டா சார்?” என்று அவர் முதலாளியைக் கேட்டார். முதலாளி மச்சினி, கொழுந்தியாள், சம்பந்தியம்மா என்று விரல்விட்டுப் பார்த்தார். நாத்தனார் கிடைக்கவில்லை.

“பேரு மட்டும்தான் அவ வச்சா சார்” என்றேன்.

“அப்படியா? மூடி ஏன் கடைசியில மட்டும் மெதுவா சாத்துது? ஆரம்பத்துல இருந்தே மெதுவா சாத்தினா என்ன?” என்றார் முதலாளி.

“நாளைக்குச் சொல்றேனே சார்.”

“ஏன், இன்னிக்கு என்ன?”

“வீட்டுக்குப் போகணுமே சார்.”

முதலாளி என் போனை வாங்கி, ஸ்பீக்கரில் போட்டு, மேசையில் வைத்தார். முதல் மணியிலேயே எடுத்தாள்.

“சொல்லுங்க சார்” என்றாள்.

என்னிடம் அவள் பேச்சு ‘ஏங்க’ என்றுதான் ஆரம்பிக்கும்.

ஆரம்பத்திலிருந்தே மெதுவாகச் சாத்தினால் தண்ணீர் வேகம் பிடித்துவிடும் என்றாள். பிடித்தபின் எந்த மூடியாலும் தாங்க முடியாது என்றாள். அப்புறம் அவர்கள் மூவருமாகப் பேசினார்கள். நான் அங்கே இருந்த நாற்காலிகளில் ஒன்றாகிவிட்டேன்.

“இத்தனை வருஷமா எங்கம்மா இருந்தீங்க?” என்றார் முதலாளி.

“இங்கதான் சார். சமையல்கட்டுல.”

அழுகை வந்தது. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், வரைபடத்தின் மேலேயே சொட்டியது. கணக்கம்மா படத்தை மட்டும் இழுத்து ஓரமாக வைத்தார்.

வீட்டுக்கு வந்து கேட்டேன். “வேணும்னேதான் அந்தப் பேரை வச்சியா?”

“பின்ன? மூடிக்கு ஒரு சாயங்காலம்தான் ஆச்சு. பேருக்குத்தான் மண்டை காஞ்சுது.”

“வேலைக்குப் போறேன்னு என்கிட்ட நேராவே கேட்டிருக்கலாமே!”

“கேட்டேங்க. ஒவ்வொரு தடவையும் பொண்ணுக்கு யாருன்னீங்க. அவ இப்ப தனியா பஸ் ஏறிப் போறா.”

நாற்காலி அவளுக்குப் போனது போகட்டும். இருந்த வேலையும் போய்விட்டால்? அவள் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

“பயப்படாதீங்க. உங்களை என்ன பண்றதுன்னு முதலாளி அப்புறம் தனியா கூப்பிட்டுக் கேட்டாரு. என் பிரிவுலயே இருக்கட்டும்னுட்டேன்.”

அவள் கையைப் பிடித்துக்கொண்டேன். “என் திறமையைப் பத்தி எடுத்துச் சொன்னியா?”

“சொல்லாம இருப்பேனா? நான் சொல்றதை ஒரு எழுத்துகூட மாத்தாம கொண்டுபோய்ச் சேத்துடுவாரு சார்னு சொன்னேன்.”