ஒன்னி எதையும் பார்க்காத வாரம்

"இன்னிலேர்ந்து இந்த வீட்டுல நான் எதையும் பாக்கமாட்டேன், எதையும் கேக்கமாட்டேன். கூரை பத்திக்கிட்டு எரிஞ்சா மட்டும் கூப்பிடு" என்று ஒன்னி லாக்ஸோ திங்கட்கிழமை காலைக் காப்பியின்போது அறிவித்தார்.

ரொட்டிக்கு மாவு பிசைந்துகொண்டிருந்த அவர் மனைவி லெம்பி நிமிரவில்லை. "யாரு சொன்னா?"

"டாக்டர். என் ரத்தம் குழாய்க்குள்ளேயே கொதிக்குதாம். கண்ணுல படறதுக்கெல்லாம் கத்தாதே, சிலதைக் கண்டுக்காம விடுன்னார்."

"சிலதைன்னாரா, எல்லாத்தையும்னாரா?"

"எது சிலது, எது மத்ததுன்னு பிரிக்கறதுக்குள்ளயே எனக்குக் கோபம் வந்துடும். மொத்தமா விட்டுடறேன்."

"புளூபெர்ரி பொறுக்கறப்போ இலையைத்தான் தூக்கிப் போடணும் ஒன்னி. வாளியை இல்ல."

"பாத்தியா? இப்ப நீ சொன்னது எனக்குக் கேக்கவே இல்லை."

மாவுக்குள் லெம்பியின் கை ஒரு கணம் நின்றது. முப்பத்தொரு வருடம் கூடக் குடித்தனம் செய்த எவனும் அந்த நிறுத்தத்தைக் கண்டு பயந்திருப்பான். ஒன்னி பயப்படவில்லை. அவர்தான் பார்ப்பதை நிறுத்தி ஐந்து நிமிடம் ஆகிவிட்டதே.

"ஒரு வாரம் தாங்குவியா?"

"தாங்குவேன். சனிக்கிழமை ராத்திரிக்குள்ள என் வாயிலேர்ந்து ஒரு குறை வந்துச்சுன்னா, குளிர்காலம் பூரா உன் சர்ச் பாட்டுக்குழுவில நின்னு பாடறேன்."

அது சாதாரணப் பந்தயம் இல்லை. சுரங்கத்துக்கு அடியில் நீரிறைக்கும் பம்புகளோடு முப்பது வருடம் போட்டி போட்டுக் கத்திய குரல் அது. அந்தக் குரலில் தோத்திரப் பாட்டு வந்தால் கேட்கிற சனம் மனம் திரும்பாது, வீடு திரும்பும்.

எங்கள் ஊர் அப்போது மினசோட்டாவின் வடகோடியில், இரும்புச் சுரங்கத்தின் விளிம்பிலேயே இருந்தது. பாதிப் பேர் பின்லாந்திலிருந்து வந்தவர்கள், மீதிப் பேர் அவர்களைக் கட்டிக்கொண்டவர்கள். சனிக்கிழமை மாலையானால் ஒவ்வொரு கொல்லையிலும் நீராவிக் குளியலுக்கான சவுனாக் குடிலிலிருந்து பிர்ச் விறகுப் புகை எழும். தெரு முழுக்க ஈரத் தலையும் சிவந்த முகமுமாக நடக்கும். இன்றைக்கு அந்தத் தெரு இல்லை. இரும்பு தேடிச் சுரங்கம் வாயை அகட்டிக்கொண்டே வந்து தெருவையும் விழுங்கிவிட்டது. ஆனாலும் பழைய ஆட்கள் நாலு பேர் சேர்ந்தால் ஒன்னியின் அந்த ஒரு வாரம் பேச்சில் வராமல் போகாது.

ஏனென்றால் அதுவரை ஒன்னி கண்டுகொள்ளாமல் விட்டது உலகத்திலேயே ஒரே ஒருவரைத்தான்: கூடப் பிறந்த அண்ணன் வேய்க்கோவை. ஒன்பது வருடம் முன்பு ஒன்னி புதிதாகச் சவுனா கட்டி உறவையெல்லாம் அழைத்திருந்தார். மேல்பலகையில் உட்கார்ந்த வேய்க்கோ எல்லார் காதிலும் விழும்படி, "டேய், அடுப்பு கோணலா உக்காந்திருக்குடா, உன்னை மாதிரியே" என்றார். ஒன்னி கத்திய கத்தலில் அடுத்த நிமிடமே வெளியேறி, இடுப்பில் ஒரு துண்டோடு பனியில் அரை மைல் நடந்து வீடு போய்ச் சேர்ந்தார் வேய்க்கோ. அன்றிலிருந்து ஒரே சுரங்கத்தில், ஒரே லிஃப்ட் கூண்டில் இறங்கினாலும் ஒருவர் கண்ணுக்கு மற்றவர் வெறும் காற்று.

செவ்வாய்க்கிழமை பக்கத்து வீட்டு ஹில்டாவின் வாத்துகள் உருளைக்கிழங்குப் பாத்தியில் இறங்கின. வேலியருகே வந்த ஹில்டா கைகளைப் பிசைந்துகொண்டு வசவுக்குக் காத்திருந்தார். ஒன்னி பைப்பைக் கடித்துக்கொண்டு வானத்தைப் பார்த்தார்.

"லெம்பி, உன் வீட்டுக்காரருக்கு என்னாச்சு?"

"ஒன்னிக்கு ஒண்ணுமில்ல" என்றார் லெம்பி.

புதன்கிழமை வேலை முடிந்து வந்தால் சமையலறை மஞ்சளாக இருந்தது. இருபது வருடமாக லெம்பி கேட்டு, இருபது வருடமாக ஒன்னி மறுத்த மஞ்சள். அவர் வாய் வரை ஒரு கத்தல் வந்தது. பாட்டுக்குழு ஞாபகம் வந்தது. வந்ததை மோரோடு சேர்த்து விழுங்கினார். கடித்த கடியில் பைப்பின் காம்பு முறிந்தது.

வியாழனன்று அவருடைய சாய்வு நாற்காலி கூடத்திலிருந்து வெளித் தாழ்வாரத்துக்குக் குடிபோயிருந்தது. ஒன்னி மேல்கோட்டை மாட்டிக்கொண்டு அங்கேயே போய் உட்கார்ந்தார். அக்டோபர் காற்று கன்னத்தில் அறைந்தது.

"குளிருதா ஒன்னி?" ஜன்னல் வழியே குரல் வந்தது.

"குளிரா? எங்கே?" பல் தந்தியடித்தது.

வெள்ளியன்று அவருடைய கம்பளித் தொப்பி ஹில்டாவின் வீட்டுக்காரர் தலையில் எதிரே நடந்து வந்தது. லெம்பி அதைச் சர்ச் ஏலத்துக்குக் கொடுத்துவிட்டாராம். ஒன்னி சொந்தத் தொப்பிக்கே வணக்கம் சொல்லிவிட்டு நடந்தார்.

சனிக்கிழமை வந்தது. இன்னும் சில மணி நேரம்தான். ஜெயித்துவிட்டோம் என்ற நினைப்பில் சவுனாவின் கதவைத் திறந்து, தலை குனிந்து உள்ளே நுழைந்தார்.

மேல்பலகையில் ஏற்கெனவே ஒருவர் உட்கார்ந்திருந்தார். வழுக்கைத் தலை, பெரிய காது. வேய்க்கோ.

ஒன்னியின் வாய் அகலத் திறந்தது. சூடான ஆவி உள்ளே போனதுதான் மிச்சம். சத்தம் வெளியே வரவில்லை. வாயை மூடிக்கொண்டு பலகையின் மறுகோடியில் போய் உட்கார்ந்தார். வேய்க்கோ சுவரைப் பார்த்தார். ஒன்னி எதிர்ச்சுவரைப் பார்த்தார்.

வேய்க்கோ ஒரு கரண்டித் தண்ணீரை எடுத்து அடுப்பின்மேல் காய்ந்துகொண்டிருந்த கற்கள்மேல் வீசினார். ஆவி சீறியது. ஒன்னி இரண்டு கரண்டி வீசினார். வேய்க்கோ மூன்று. காதுமடல் வெந்தது, மூக்குநுனி எரிந்தது, இருவரும் இறங்கவில்லை. சின்ன வயதில் அப்பா இருவரையும் இப்படித்தான் மேல்பலகையில் ஏற்றி உட்கார வைப்பார். முதலில் இறங்குகிறவன் ஏரியிலிருந்து தண்ணீர் சுமக்க வேண்டும். எப்போதும் வேய்க்கோதான் முதலில் இறங்குவான். அவன் வேண்டுமென்றேதான் தோற்றான் என்பது ஒன்னிக்கு அந்த வயதில் தெரியாது. தம்பியின் தோள் வாளிக்குத் தாங்காது என்று அம்மாவிடம் அவன் சொன்னது பின்னால்தான் தெரிந்தது.

ஒன்னி ஓரக்கண்ணால் பார்த்தார். பார்க்கக் கூடாதுதான். வேய்க்கோவின் விலா எலும்பை எண்ணிவிடலாம் போல இருந்தது. பிப்ரவரியில் மனைவி சில்வி காலமானபிறகு வீட்டை விட்டுவிட்டு ஆணிக்கடை மாடியில் ஓர் அறையில் இருக்கிறார். அங்கே சவுனா கிடையாது. சனிக்கிழமைகளில் வாளியில் குளிக்கிறார் என்று கேள்வி.

இலையோடு கட்டிய பிர்ச் கொத்தை எடுத்து வேய்க்கோ சவுனா வழக்கப்படி தன் முதுகைத் தட்டிக்கொள்ளப் பார்த்தார். வலது தோள் வழியாக எட்டவில்லை. இடது வழியாகவும் எட்டவில்லை. முதுகு தட்ட ஆள் இருந்த மனிதர் அவர். கொத்தை மடியில் வைத்துக்கொண்டு சும்மா இருந்தார்.

ஒன்னி எழுந்தார். கொத்தைப் பிடுங்கினார். ஓங்கி ஒரு போடு போட்டார். ஒன்பது வருடம் அதில் இருந்தது.

"யாருடா அது?" என்றார் வேய்க்கோ.

"யாருமில்ல. நான் யாரையும் பாக்கவும் இல்லை."

"கொஞ்சம் இடது பக்கம்."

"காதுல விழல" என்று சொல்லி இடது பக்கம் தட்டினார் ஒன்னி. போடுகள் கொஞ்சம் கொஞ்சமாக மெதுவாகின. பிர்ச் இலையின் வாசனை பரவியது.

"சில்வியை அடக்கம் பண்ணின அன்னிக்கு, கல்லறைத் தோட்டத்து வேலிக்கு வெளியே நீ நின்னே" என்றார் வேய்க்கோ.

"நான் வரவே இல்லையே."

"சரி. அப்ப நானும் பாக்கலை."

ஒன்னி மறுபடி கொத்தை ஓங்கித் தட்டினார். பிறகு வேய்க்கோ, "இந்த அடுப்பு இருக்கே..." என்று ஆரம்பித்தார்.

ஒன்னியின் கை அந்தரத்தில் நின்றது.

"...நல்லா சூடு குடுக்குது."

வெளியே வந்தபோது மஞ்சள் சமையலறையில் ஏலக்காய் ரொட்டி ஆவி பறந்தது. மேசைமேல் மூன்று கோப்பைகள் இருந்தன. அண்ணனும் தம்பியும் ஈரத் தலையோடு உட்கார்ந்து, ஏரியையும் அப்பாவையும் உடைந்துபோன பழைய படகையும் பற்றி மாற்றி மாற்றிப் பேசினார்கள். ஒன்னி கத்தித்தான் பேசினார். யாருக்கும் அது குறையாகத் தெரியவில்லை.

வேய்க்கோ கோட்டை மாட்டிக்கொள்ளப் போன இடைவெளியில் ஒன்னி மனைவி பக்கம் சாய்ந்தார். "குறை இல்ல, கேள்விதான். அவன் வரப்போறான்னு எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம் இல்ல?"

"செவ்வாய்க்கிழமை சொன்னேன். வியாழக்கிழமை சொன்னேன். இன்னிக்குக் காலையில காதுகிட்ட வந்து சொன்னேன். நீதான் கேக்காத வாரத்துல இருந்தியே."

ஒன்னி கோப்பையைத் தள்ளி வைத்தார். ஒரே வாரத்தில் தனக்குப் பைப் உடைந்தது, தொப்பி போனது. இவள் எப்படி இத்தனை வருடமாக ஒரு சுருக்கம்கூட விழாமல் இருக்கிறாள் என்ற சந்தேகம் அப்போதுதான் அவருக்கு முதன்முதலாக வந்தது.

"லெம்பி, நிஜத்தைச் சொல்லு. இந்த முப்பத்தொரு வருஷத்துல நான் கத்தினதுல எவ்வளவு உன் காதுல விழுந்திருக்கும்?"

லெம்பி ரொட்டியை அறுத்துக்கொண்டே நிமிர்ந்தார்.

"ஏதாவது சொன்னியா?"