ஆனந்த அல்வாவும் ராஜபாட்டைத் தராசும்

வரைபடம் வரைந்தவர்கள் கைமறதியாக விட்டுவிட்ட ஒரு மூலையில் துலாபுரி என்றொரு பேரரசு இருந்தது. 'இருந்தது' என்று சொல்லிவிட்டதால், இப்போது இல்லை போலும் என்று யாரும் நிம்மதிப் பெருமூச்சு விட வேண்டாம். மேல்சீமை, கீழ்சீமை என்று அதற்கு இரண்டு சீமைகள். இரண்டையும் இணைக்க ராஜபாட்டை என்று ஒரே ஒரு சாலை. மூன்றையும் ஆண்டவர் ஒருவரே: மாமன்னர் நீதிகேசரி.

மாமன்னர் ஐந்தாண்டுக்கு ஒருமுறை மக்களிடம் வந்து, தாம் தொடர்ந்து ஆளலாமா என்று பணிவோடு கேட்பார். வேறு யாரும் போட்டியிடாதபடி பார்த்துக்கொண்டதால் மக்களும் சரி என்று சொல்லிவிடுவார்கள். சென்ற முறை மேல்சீமையில் பேசும்போது, "உழைத்துக் களைத்த என் மக்கள் கஞ்சா அல்வா தின்று கண்ணயர உரிமை இல்லையா?" என்று கண் கலங்கினார். மறுநாள் கீழ்சீமையில், "கஞ்சா அல்வா என்ற பெயரே என் காதில் விழக்கூடாது, தாய்மார்களே!" என்று அதே கண்ணைத் துடைத்துக்கொண்டார். இரண்டு வாக்கையும் காப்பாற்றினார், அதைச் சொல்லத்தான் வேண்டும். மேல்சீமையில் தெருவுக்குத் தெரு அரசாங்கமே கடை திறந்து, ஆனந்த அல்வா என்று பெயர் வைத்து, பெட்டிமேல் மன்னர் சிரிக்கும் படத்தை ஒட்டி விற்றது. கீழ்சீமையில் அதே அல்வாவை நக்கிப் பார்த்தவனுக்கும் சிறை. இரண்டு சீமையிலும் 'சொன்னதைச் செய்தவர்' என்று ஒரே தட்டி. ராஜபாட்டைக்கு ஓட்டு கிடையாது என்பதால் அங்கே என்ன சட்டம் என்று யாரும் கேட்கவில்லை. கேட்க ஆளில்லாத இடத்தில்தானே சட்டத்துக்குக் கொழுப்பு ஏறும்!

கீழ்சீமையில், ராஜபாட்டை முடியும் இடத்துக்கு அருகே, பேச்சிக்கண்ணு என்று ஓர் இடியாப்பக்காரி இருந்தாள். அவள் புருஷன் மாசானம், மன்னரின் வானளாவிய சிலைக்குக் கல் ஏற்றும்போது கல் சறுக்கி விழுந்து, இடுப்பு நொறுங்கிப் படுத்தவன். சிலை நிமிர்ந்துவிட்டது. மாசானம் நிமிரவில்லை. வலி தாங்காமல் பல்லைக் கடித்துக் கடித்தே கடைவாய்ப் பல்லும் உடைந்து போயிற்று. தூக்கம் என்பதை அவன் மறந்தே போனான். வைத்தியர் வந்து பார்த்துவிட்டு வாசலை ஒருமுறை எட்டிப் பார்த்தார். பிறகு, "நெல்லிக்காய் அளவு ஆனந்த அல்வா கொடுத்தா மனுஷன் தூங்குவான். நான் சொன்னேன்னு மட்டும் சொல்லிராத தாயி" என்று கிசுகிசுத்தார்.

பேச்சிக்கண்ணு புருஷன் கைக்கு எட்டும்படி ஒரு சொம்புத் தண்ணீரும் ஒரு கிண்ணம் கஞ்சியும் வைத்துவிட்டு, "சாயங்காலத்துக்குள்ள வந்துருவேன்" என்று சொல்லி மேல்சீமைக்கு நடந்தாள்.

அல்வாக் கடையில் இருந்த அதிகாரி பட்டு அங்கவஸ்திரம் போட்டிருந்தார். பெட்டியை வாங்கிக்கொண்டவள், "ஐயா, இதக் கீழ்சீமைக்குக் கொண்டு போலாம்ல? ஒண்ணும் சொல்ல மாட்டாகளே?" என்று கேட்டாள்.

"பெண்ணே, விற்பது என் கடமை. வாங்குவது உன் உரிமை. இரண்டும் இந்த வாசற்படியோடு முடிந்துவிடுகின்றன. படிக்கு அப்பால் நடப்பது வேறு இலாகா."

"அரசாங்கம் ஒண்ணுதானே ஐயா?"

"ஒன்றுதான். ஆனால் அது அதற்குத் தெரியாது" என்றார் அவர். பொய் சொல்லத் தெரியாத மனிதர், பாவம்.

ராஜபாட்டையின் நடுவில் ஒரு சாவடி. சாவடியில் யானையையும் நிறுக்கக்கூடிய ஒரு தராசு. அதற்குப் பொறுப்பாளர் தராசதிகாரி சமநிலைராயர். பேச்சிக்கண்ணு வரிசையில் போய் நின்றபோது, அவளுக்குச் சற்று முன்னால் நல்லமாடன் என்ற வண்டிக்காரர் ராயரிடம் மாட்டிக்கொண்டிருந்தார். மூட்டுவலிக்காக ஒரே ஒரு துண்டு அல்வா வாங்கி, வண்டி வைக்கோலுக்குள் செருகி வைத்திருந்தார் மனிதர்.

"இதுல எள்ளளவு இலை இருக்கும், எசமான். மிச்சமெல்லாம் கோதுமைப் பாலும் நெய்யும் சீனியும்தானே!"

"சட்டத்துக்கு நெய்யும் தெரியாது, சீனியும் தெரியாது. அல்வா முழுவதும் கஞ்சாவாகவே கருதப்படும். இது போன மாதத்து ஆணை."

"சரி, அல்வாவ நிறுங்க. வைக்கோல எதுக்கு நிறுக்கீக?"

"அல்வா வைக்கோலில் ஒட்டியிருக்கிறது. ஒட்டியதெல்லாம் சரக்கே. இது போன வாரத்து ஆணை."

நல்லமாடனின் காளை அந்த நேரம் பார்த்து அந்த வைக்கோலில் ஒரு வாய் கடித்தது. ராயர் காளையைப் பார்த்தார். அதன் மூக்கணாங்கயிற்றைப் பார்த்தார். கயிற்றைப் பிடித்திருந்த கையையும் பார்த்தார்.

"காளையும் சரக்கு. கயிற்றைப் பிடித்திருக்கும் நீரும் சரக்கு."

நல்லமாடன் கயிற்றை உதறினார். பலன் இல்லை. ஆளையும் காளையையும் சேர்த்து நிறுத்து, எடையைச் சுண்ணாம்பால் காளையின் முதுகிலேயே எழுதி, பக்கத்துக் கொட்டடியில் அடைத்தார்கள். அங்கே ஏற்கெனவே ஒரு கூட்டமே உட்கார்ந்திருந்தது.

பேச்சிக்கண்ணு அல்வாப் பெட்டியை முந்தானைக்குள் மறைத்தாள். அப்போதுதான் தராசுக்கு அந்தப் பக்கம் ஒரு பெட்டியைக் கண்டாள். 'கருணைப் பெட்டி. இதில் போடுபவரிடம் கேள்வி கேட்கப்படாது' என்று எழுதியிருந்தது. அருகில் நின்ற சேவகனைக் கூப்பிட்டாள்.

"அண்ணே, இதுல போட்டுட்டா விட்ருவீகளா?"

"கண்டிப்பா."

"தராசத் தாண்டித்தானே அங்க போவணும்? தாண்டும்போது கையில அல்வா இருக்குமே?"

"இருக்கும். புடிச்சிருவோம். பெட்டி வரைக்கும் வந்து சேர்றவங்களுக்குத்தான் கருணை."

"இதுவரைக்கும் யாராச்சும் வந்து சேந்திருக்காகளா?"

சேவகன் தலையைச் சொறிந்தான். "இல்லியே" என்றான்.

சாலையில் வீசி எறியலாம் என்றால் பெட்டிமேல் மன்னர் சிரித்துக்கொண்டிருந்தார். அந்த முகம் மிதிபட்டால் அது ராஜத்துரோகம். திரும்பிப் போகலாம் என்றால், வரிசையை விட்டு விலகுவது சந்தேகத்துக்குரிய செயல் என்று இன்னொரு பலகை சொன்னது. வேறு வழி? முந்தானையால் வாயை மறைத்துக்கொண்டு தின்ன ஆரம்பித்தாள். அவள் தின்றது மாசானத்தின் தூக்கத்தை. கடைசியில் நெல்லிக்காய் அளவு மிஞ்சியபோது அவளுக்கு மனசு வரவில்லை. வாழையிலைக் கிழிசலில் அதைச் சுற்றிக் கொண்டைக்குள் சொருகிக்கொண்டாள். பெட்டியை மடித்து இடுப்பில் செருகினாள்.

வரிசை ஆமை வேகத்தில் நகர்ந்து அவள் முறை வந்தது. ராயர் குனிந்து அவள் முகத்தை ஆராய்ந்தார்.

"வாயில் நெய் மினுமினுக்கிறதே!"

"தின்னுட்டேன் ஐயா. இப்ப எங்கையில ஒண்ணுமில்ல."

"விழுங்கிய சரக்கு, விழுங்கியவரோடு சேர்த்து நிறுக்கப்படும். இது இன்று காலை ஆணை. ஏறு தராசில்!"

வயிற்றுக்குள் போன அல்வா உடனே வேலையைக் காட்டாது. நின்று, நிதானமாக, வேண்டாத நேரம் பார்த்துத்தான் காட்டும். தராசில் கால் வைத்ததும் பேச்சிக்கண்ணுவுக்குக் காட்டியது. தான் ஓர் ஆள் உயர அல்வாவாக நிற்பதும், தன்னை ஒருவர் பட்டுத் தலைப்பாகையோடு நிறுப்பதும் தாங்க முடியாத வேடிக்கையாகத் தோன்றிவிட்டது. கெக்கெக்கே என்று சிரித்தாள். அரசுத் தராசில் சிரித்ததற்குத் தனித் தண்டனை உண்டு என்று ராயர் அறிவித்ததும் இன்னும் அதிகமாகச் சிரித்தாள்.

கொட்டடியில் போய் விழுந்த பிறகுதான் சிரிப்பு நின்றது. சொம்புத் தண்ணீர் நினைவுக்கு வந்தது. சாயங்காலம்வரைதான் அது வரும். அப்புறம் அந்த மனுஷன் யாரைக் கூப்பிடுவான்? முட்டியில் முகத்தைப் புதைத்துக்கொண்டு ஓவென்று அழுதாள். நல்லமாடன், "அழாத தாயி" என்று சொல்லிவிட்டுத் தானும் அழுதார்.

அந்த நேரத்தில் சங்கு ஊதிற்று. மீண்டும் தேர்தல் வந்துவிட்டதால், அல்வாவை ஒழிப்பேன் என்று இன்னொரு முறை சத்தியம் செய்ய மாமன்னர் கீழ்சீமைக்குப் போய்க்கொண்டிருந்தார். சாவடியில் கூட்டத்தைக் கண்டதும் பல்லக்கை நிறுத்தச் சொன்னார்.

"சட்டத்தின் முன் நானும் ஒரு குடிமகன்! என்னையும் நிறுங்கள்!"

கூட்டம் கைதட்டியது. பல்லக்கிலிருந்த சிம்மாசனத்தோடு மன்னரைத் தூக்கித் தராசில் வைத்தார்கள். மன்னர் நாலு பக்கமும் திரும்பிப் புன்னகை செய்தார். கொட்டடிக் கம்பிக்குள்ளிருந்து எட்டிப் பார்த்த பேச்சிக்கண்ணுவுக்கு அல்வா மயக்கம் இன்னும் முழுதாக இறங்கவில்லை. பயமும் இல்லை.

"ஏ யாத்தீ! ராசா வாயிலயும் நெய்யி!" என்று கத்திவிட்டாள்.

பல்லக்குக் குலுக்கலுக்கு மன்னர் வழியில் ஒரு வாய் போட்டிருந்தார். அவர் தினமும் போடுவது ஊருக்கே தெரியும், தெரியாதது போல் இருப்பதும் ஊருக்கே தெரியும். சமநிலைராயர் ஆணைக் கட்டைப் புரட்டினார். இன்று காலை ஆணையில் கையெழுத்து மன்னருடையது.

மன்னரோடு வந்திருந்த மந்திரி பிரதானி அவசரமாகத் தொண்டையைச் செருமினார். "புதிய ஆணை ஒன்று இப்போதுதான் என் நினைவுக்கு வருகிறது. சிறிய அளவில் கொண்டுபோனால் அது கடத்தல். மாமன்னரும் சிம்மாசனமும் சேர்ந்த எடைக்குக் குறையாமல் இருந்தால் அது வணிகம்! வணிகரைத் தடுப்பது நாட்டின் வளர்ச்சியைத் தடுப்பதாகும். அடியுங்கள் தண்டோரா!"

தண்டோரா முழங்கியது. கூட்டமும் வளர்ச்சி என்ற சொல்லைக் கேட்டதும் பழக்கத்தில் கைதட்டிவிட்டது. "நான் வணிகனா!" என்று மன்னர் நெகிழ்ந்து போனார்.

"எசமான்" என்று கொட்டடிக்குள்ளிருந்து நல்லமாடன் மெல்லக் கூப்பிட்டார். "ராசாவையும் சிம்மாசனத்தையும் விட எங் காளை கனமாச்சே."

எல்லோரும் தராசையும் காளையின் முதுகையும் மாறி மாறிப் பார்த்தார்கள். சுண்ணாம்பு எழுத்து பளிச்சென்று தெரிந்தது, சாவடி முத்திரையோடு.

பேச்சிக்கண்ணு துள்ளி எழுந்தாள். "ஒட்டுனதெல்லாம் சரக்குன்னீகல்ல? கயித்தப் புடிச்சவுகளும் சரக்குன்னீகல்ல? அண்ணே, அக்கா, எல்லாரும் வந்து காளைக் கயித்தப் புடிங்க! நாம மொத்தமும் ஒரே சரக்கு!"

கொட்டடியே எழுந்து வந்து கயிற்றைப் பிடித்தது. ராயர் மந்திரியைப் பார்த்தார். மந்திரி மன்னரைப் பார்த்தார். மன்னர் சிம்மாசனத்திலேயே கண்ணயர்ந்துவிட்டிருந்தார், அல்வாவின் புண்ணியம். முழங்கிய தண்டோராவைத் திரும்ப விழுங்க வழியில்லை. மந்திரி பல்லைக் கடித்துக்கொண்டு காளையின் கழுத்தில் மாலை போட்டு, 'பேரரசின் மாபெரும் வணிகர்' என்று பட்டமும் கொடுத்தார். காளை மாலையைத் தின்றது.

ராயர் மட்டும் விடவில்லை. "நினைவிருக்கட்டும். கயிற்றைப் பிடித்திருக்கும்வரைதான் வணிகர். கையை விட்டவர் அந்தக் கணமே கடத்தல்காரர். வழி நெடுகச் சேவகர்கள் இருக்கிறார்கள்!"

ஆகவே அத்தனை பேரும் கயிற்றை விடாமல் ராஜபாட்டையில் நடந்தார்கள். கயிறு போதாமல் துண்டும் முந்தானையும் முடிந்துகொண்டார்கள். ஒருவருக்குத் தாகம் எடுத்தால் எல்லோரும் குளத்தில் இறங்க வேண்டியிருந்தது. ஒருவருக்கு ஒதுங்க வேண்டும் என்றால் எல்லோரும் திரும்பி நிற்க வேண்டியிருந்தது. முதலில் எரிச்சலாக இருந்தது, அப்புறம் பழகிவிட்டது. யார் வீட்டுக்கு முதலில் போவது என்ற பேச்சு வந்தபோது, "பேச்சி வீட்டுக்குத்தான். அங்கதான் ஆளு தண்ணியில்லாமக் கெடக்காரு" என்றார் நல்லமாடன். யாரும் மறுக்கவில்லை.

வெயில் தாழும் முன் வீடு வந்தது. காளை வாசலுக்குள் தலையை நீட்டியது. பேச்சிக்கண்ணு ஒரு கையால் கயிற்றைப் பிடித்தபடியே மாசானத்தின் பக்கத்தில் குத்தவைத்தாள். சொம்பு காலியாகக் கிடந்தது. யாரோ வெளியிலிருந்து தண்ணீரைக் கை மாற்றி உள்ளே அனுப்பினார்கள். அவனுக்குக் குடிக்கக் கொடுத்துவிட்டு, கொண்டையிலிருந்து இலைக் கிழிசலை எடுத்து, நசுங்கிப்போன அந்தத் துண்டை அவன் வாயில் வைத்தாள்.

"யாரு புள்ள இம்புட்டுச் சனம்?" என்று முனகினான் மாசானம்.

"நம்ம ஆளுகதான். நீங்க முழுங்குங்க."

அத்தனை பேரும் மூச்சுக் காட்டாமல் காத்திருந்தார்கள். வெகுநேரம் ஒன்றும் நடக்கவில்லை. பிறகு அவன் இறுகக் கடித்திருந்த தாடை மெல்லத் தளர்ந்தது. புருவம் இறங்கியது. குறட்டை வந்தது. பேச்சிக்கண்ணு அந்தக் குறட்டையைக் கேட்டுக் குலுங்கிக் குலுங்கி அழுதாள், சத்தம் வராமல் முந்தானையைக் கடித்துக்கொண்டு.

அப்போது தெருமுனையில் தண்டோரா வந்தது. 'இதனால் சகலருக்கும் அறிவிப்பது என்னவென்றால், பொது அமைதியை முன்னிட்டு, இந்த நிமிடம் முதல் நான்கு பேருக்கு மேல் ஒரே இடத்தில் கூடுவதும், ஒன்றாக நடப்பதும், ஒரே கயிற்றைப் பிடிப்பதும் பெருங்குற்றம்!'

கயிறு ஒருமுறை அசைந்தது. யாரும் விடவில்லை.

பேச்சிக்கண்ணு வாசலுக்கு வந்து எட்டிப் பார்த்தாள். "ஏய்யா, செத்த மெதுவா அடிங்க. மனுசன் இப்பத்தான் கண்ணசந்திருக்காரு" என்றாள்.

தண்டோராவோடு வந்த சேவகர்கள் ஆறு பேர். அவர்கள் கயிற்றைப் பிடித்திருந்தவர்களை எண்ணத் தொடங்கி, பிறகு தங்களையும் ஒருமுறை எண்ணிப் பார்த்துக்கொண்டார்கள்.