பெயருக்குக் கீழே ஒரு வரி

"முதல் வரி முடிஞ்சுது சார். ரெண்டாவது வரி என்னன்னு சொன்னா அதையும் வெட்டிடுவேன்" என்றார் கல்தச்சர் தொலைபேசியில்.

முதல் வரி காலமான மனைவியின் பெயர். அதற்குக் கீழே அந்தப் பெயரின் பொருளையும் வெட்ட வேண்டும் என்று கேட்டது கண்ணாடிக்கடைக்காரர்தான். குடியிருப்பின் தோட்டத்தில் அவள் நட்டு வளர்த்த மரத்தடியில், ஞாயிறு காலை நினைவுக்கல்லைப் பதிக்க ஏற்பாடாகியிருந்தது.

"நாளைக்குச் சொல்றேன்" என்று போனை வைத்த பிறகுதான் அவருக்கு உறைத்தது. வீட்டுக்குள் மூக்குக்கண்ணாடியைத் தொலைத்தபோதெல்லாம், சட்டைப் பொத்தான் அறுந்தபோதெல்லாம், ஒரு காரணமும் இல்லாதபோதும் கூப்பிட்ட பெயர். அதற்கு என்ன பொருள் என்று அவருக்குத் தெரியாது. அவளிடம் கேட்டதும் இல்லை.

மகளுக்குப் போன் செய்தார்.

"அன்புன்னு போட்டுடுங்கப்பா. யாரு வந்து சரிபார்க்கப் போறா?"

"உங்கம்மா பார்ப்பா."

கடையில் கண் பரிசோதிக்கும்போது எழுத்துப் பலகையின் கடைசி வரியைப் படிக்கும்வரை யாரையும் நாற்காலியிலிருந்து எழுந்திருக்க விடாத மனிதர் அவர். இந்த வரியை மட்டும் விட்டுவிடுவாரா? நேரே நூலகத்துக்குப் போனார்.

பெயர்களுக்குப் பொருள் சொல்லும் புத்தகம் ஒன்று, 'அடக்கமானவள்' என்றது. எழுதியவர் அவளைப் பார்த்ததில்லை என்று முடிவுகட்டி அதை மூடினார். இன்னொரு புத்தகம், அந்தப் பெயர் கடல்கடந்து வந்தது, 'போருக்குப் புறப்பட்டவள்' என்று பொருள் என்றது. அது அவருக்குப் பிடித்திருந்தது. மகளிடம் சொன்னார்.

"அம்மா கல்லுல போர்னு போடுவீங்களா? குழந்தைங்க விளையாடுற இடம்பா அது."

மாடியில் வேற்று நாட்டிலிருந்து வந்து குடியேறிய பல் டாக்டர் இருந்தார். கண்ணாடிக்கடைக்காரர் படியேறிப் போய்க் கதவைத் தட்டினார்.

"எங்க ஊர்ல இது ஆம்பளைப் பேராச்சே" என்றார் பல் டாக்டர். "எங்க சித்தப்பாவுக்கே இதுதான் பேரு. ஆத்தைத் துணிஞ்சு கடக்கிறவன்னு அர்த்தம்."

"கடந்தாரா?"

"எங்க? தண்ணின்னாலே அவருக்கு நடுக்கம்."

கீழ்வீட்டுப் பாட்டு டீச்சரின் தாய்மொழி வேறு. அவர் இன்னும் உறுதியாக இருந்தார். "எங்க பக்கம் வியாழக்கிழமை பிறந்த பொண்ணுக்குத்தான் இந்தப் பேரு."

"அவ பிறந்தது செவ்வாய்க்கிழமை."

"அப்போ உங்க மாமனார் தப்பா வச்சிருக்கார்."

இறந்துபோன மாமனாருக்காகக் கொஞ்ச நேரம் வாதாடிவிட்டு வெளியே வந்தார். ஒவ்வொரு வீடாகப் படியேறினால் ஞாயிறு போய்த் திங்கள் வந்துவிடும். எனவே லிஃப்டுக்குள் ஓர் அறிவிப்பு ஒட்டினார். மனைவியின் பெயரைப் பெரிதாக எழுதி, 'பொருள் தெரிந்தவர்கள் உடனே அழைக்கவும்' என்று போட்டு, கீழே எண்ணையும் குறித்தார். காலையிலிருந்து கண்ணெதிரே இருந்த எண் ஒன்றுதான். தன்னுடையதற்குப் பதிலாகக் கல்தச்சரின் எண்ணை எழுதிவிட்டார்.

மறுநாள் மத்தியானம்வரை தனக்கு ஒரு அழைப்பும் வரவில்லையே, ஊரில் படித்தவர்களே இல்லையா என்று நொந்துகொண்டு கல்தச்சரின் பட்டறைக்குப் போனார்.

"வாங்க சார்" என்றார் கல்தச்சர், காதைத் தேய்த்தபடி. "உங்க குடியிருப்புல எல்லாரும் சேர்ந்து என்னைக் கொன்னுட்டீங்க. ஒருத்தர் மழைங்கிறார், ஒருத்தர் மான்குட்டிங்கிறார். ஒரு அம்மா அது பேரே இல்ல, ஒரு மலைங்கிறாங்க. கடைசியா ஒரு டாக்டர் பேசினார். டாக்டர் சொன்னா சரியாத்தான் இருக்கும்னு வெட்டிட்டேன்."

துணியை விலக்கினார். மனைவியின் பெயர் முத்து முத்தாக விழுந்திருந்தது. அதன் கீழே: 'ஆற்றைத் துணிந்து கடப்பவன்'.

கண்ணாடிக்கடைக்காரர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு மறுபடி படித்தார். எழுத்து மாறவில்லை.

அந்த வரியைத் தேய்த்தெடுக்கச் சாயங்காலம் ஆகிவிட்டது. கல்லின் கீழ்ப்பாதி பள்ளமாகிவிட்டது.

"இன்னொரு தப்பை இந்தக் கல்லு தாங்காது சார். பேரோட நிறுத்திக்கலாமே."

"கூடாது."

"ஏன் சார் இவ்வளவு பிடிவாதம்?"

"அவ உசிரோட இருந்தப்போ கேட்கலை. இப்பவாவது தெரிஞ்சுக்கணும்."

கல்தச்சர் உளியை எடுத்துத் தயாராக வைத்தார்.

கேட்க இன்னும் ஒரே ஒருத்திதான் பாக்கி: தொலைவிலிருந்த மச்சினி. இறுதிச் சடங்குக்குப் பிறகு அவளிடம் பேசினாலே இருவரில் யாராவது அழுதுவிடுவதால் அவர் தள்ளிப்போட்டு வந்தார். பட்டறை வாசலில் நின்றே போன் செய்தார்.

"சின்னவளே, உங்க அக்காவுக்கு அந்தப் பேரை யாரு வச்சது?"



"எதுக்கு அத்தான் இப்போ?"

"கல்லுல போடணும்."

"அழகா ஒரு பூவைப் போடச் சொல்லுங்களேன்."

"பூவெல்லாம் வேண்டாம். உங்கப்பா வச்சாரா?"

"இல்ல."

"அப்போ அம்மாவா?"

"அவங்களும் இல்ல. அத்தான், சொல்ல மாட்டேன்னு அக்காவுக்குச் சத்தியம் பண்ணிக் குடுத்திருக்கேன்."

"அவளே இல்லையேம்மா இப்போ."

மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. அழப்போகிறாள் என்று அவர் தயாராகும்போது அவள் சிரித்தாள்.

"எங்க வீட்ல யாராவது அவளை அந்தப் பேர் சொல்லிக் கூப்பிட்டு நீங்க கேட்டிருக்கீங்களா?"

"இல்ல. பெரியவ, பெரியவன்னுதான் கூப்பிடுவீங்க. பாசம்னு நினைச்சேன்."

"பாசமில்ல, பயம். வாய் தவறி நிஜப் பேரு வந்துடுமோன்னு. கல்யாணத்துக்கு முன்னாடியே கோர்ட்டுக்குப் போய் முறைப்படி மாத்திக்கிட்டா. இப்ப போய் எப்படி அவர்கிட்ட சொல்றது, அவர் கூப்பிட்டா நல்லாத்தானே இருக்குன்னுட்டா."

கண்ணாடிக்கடைக்காரர் போனை மறு காதுக்கு மாற்றினார். "அப்போ நானா வச்சேன் அந்தப் பேரை?"

"நீங்களும் வைக்கல அத்தான், அக்கா முதல்முதலா கண்ணு காட்ட வந்த அன்னிக்கு உங்க கடையில நீங்க அந்தப் பேரைச் சொல்லி வேற ஒரு அம்மாவைக் கூப்பிட்டீங்க, அவங்க டீ குடிக்க வெளிய போயிருந்தாங்க, அக்காவுக்கு அவசரம், எழுந்து உள்ள வந்துட்டா."