வாய்தா மாமாவுக்குக் கேஸ் ஜெயித்த சேதி

என் வாய்தா மாமாவுக்கு,

எருமப்பட்டியிலிருந்து உங்கள் மயிலம்மாள் கும்பிட்டு எழுதிக்கொள்வது. இங்கே நானும் எருமையும் சுகம். உங்கள் சுகத்துக்கு என்ன குறை, ஓடை ஓரத்தில் நல்ல காற்று.

நீங்கள் போய் வருசம் திரும்பிவிட்டது. திதிக்கு வந்த மகள் மதுமதி, "அழுதுக்கிட்டே இருக்காதம்மா, அப்பாகிட்டச் சொல்ல வேண்டியத எழுதிப் போடு" என்றாள். மூணாங்கிளாஸ் கையெழுத்து, பொறுத்துக்கொள்ளுங்கள்.

கேஸ் ஜெயித்துவிட்டது மாமா! பக்கத்துக் காட்டுப் பூபதி எல்லைக் கல்லை நகர்த்தி, ஓடைப் புறம்போக்கை வளைத்து மாட்டுக் கொட்டாய் போட்டான் என்று நீங்கள் மனுப் போட்டபோது மதுமதி பாவாடை சட்டையில் இருந்தாள். இப்போது அவள் மகளுக்குப் பல் முளைத்துவிட்டது. நடுவில் நீங்கள் வாய்தா வாய்தா என்று பஸ் ஏறியதில்தானே உங்களுக்கு இந்தப் பெயரையே வைத்தேன். தீர்ப்பு வந்த அன்று வக்கீல் போன் போட்டு, "அவரக் கூப்பிடுங்கம்மா, நல்ல சேதி" என்றார். "ஓடைப் பக்கம் போயிருக்காருங்க" என்றேன். "சரி, வந்ததும் சொல்லுங்க" என்று வைத்துவிட்டார். அதைத்தான் சொல்கிறேன்.

கொட்டாயை இடிக்க ஜேசிபி வந்தது. ஊரே வேடிக்கை பார்த்தது, நீங்கள்தான் இல்லை. பூபதி மாடுகளை அவிழ்த்து நேராக நம் வாசலுக்கு ஓட்டி வந்தான். "அக்கா, உங்க ஊட்டுக்காரராலதான் இதுகளுக்கு ஊடு போச்சு. வேற எடம் பாக்குற வரைக்கும் இங்கயே நிக்கட்டுங்க" என்றான். எனக்கும் நியாயமாகத்தான் பட்டது, கட்டிக்கொள்ளச் சொல்லிவிட்டேன். கோபித்துக்கொள்ளாதீர்கள். வாசலில் ஆள் அரவம் இருக்கிறது, காப்பிக்குப் பால் கிடைக்கிறது, இரண்டு வாய் சோறும் இறங்குகிறது. அவனும் மோசமான ஆளில்லை. உங்கள் பாடைக்கு முன்பக்கம் தோள் கொடுத்தது அவன்தான். "மாமனுக்கு ஓடைக் காத்துன்னா உசுரு" என்று நம் காட்டின் வடகோடியில் குழிக்கு இடம் காட்டியதும் அவன்தான். முறைப்படி தெற்கே தலை வைத்து, ஓடையைப் பார்க்கக் கால் நீட்டிப் படுக்க வைத்து, தலைமாட்டிலும் காலடியிலும் கல் நட்டு மேடு கட்டினோம்.

ஆகவே நிம்மதியாகப் படுத்திருங்கள். அது நம் சொந்தப் பட்டா நிலம். எந்தக் கோர்ட்டும் எந்த ஆபீசரும் வந்து உங்களை எழுந்திரு என்று சொல்ல முடியாது. அங்கே இருக்கிற பெரியவர்களுக்கு என் கும்பிடு. உங்கள் அம்மாவைப் பார்த்தால், நான் இப்போதைக்கு வருகிற மாதிரி இல்லை என்று சொல்லவும்.

இப்படிக்கு,
மயிலம்மாள்

பின்குறிப்பு: இதை மடிக்கும் நேரத்தில் மணியக்காரரும் சர்வேயரும் வந்துவிட்டார்கள். ஓடையை முழுக்க அளந்து எல்லை நட வேண்டும் என்று தீர்ப்பாம். நீங்கள் கேட்டதுதானாம். அளந்துகொண்டே நம் பக்கம் வந்தார்கள். மாமா, உங்கள் முழங்கால் வரைக்கும்தான் பட்டா. அதற்குக் கீழே புறம்போக்கு.

"யாரும்மா இது?" என்றார் சர்வேயர்.

"மனுப் போட்டவருங்க" என்றேன்.

"அப்ப இவரையும் எடுக்கோணுமே" என்றார் மணியக்காரர். பால் கறந்துகொண்டிருந்த பூபதி எழுந்து வந்தான். சிரிக்கத்தான் போகிறான் என்று நினைத்தேன்.

"ஏனுங்க சார், இந்த வெயில்ல அளந்தா கண்ணு பூத்துப் போகுமுங்க. காலடிக் கல்லு எங்க இருக்குதுன்னு நாளைக்கு வந்து நல்லாப் பாருங்க. பாவம், பெரியவருக்குக் கடைசியா ஒரு வாய்தா குடுங்க" என்றான். சர்வேயருக்கே சிரிப்பு வந்துவிட்டது. மோர் குடித்துவிட்டுப் போய்விட்டார்கள்.

அவர்கள் தலை மறைந்ததும் பூபதி கடப்பாரையை எடுத்தான். உங்கள் காலடிக் கல்லைப் பெயர்த்து, நம் பட்டாவுக்குள்ளே நட்டு, மேட்டையும் அதற்குத் தகுந்தபடி ஒதுக்கிவிட்டான். கல்லை நகர்த்துவதில் அவனுக்குக் கைப்பழக்கம் உண்டு என்று நீங்கள் மனுவில் எழுதியது முழு உண்மை, மாமா. என்ன வேகம்!

"மீதிய மாமன்தானுங்க பாத்துக்கோணும், அக்கா" என்று கையைத் தட்டிக்கொண்டு போனான்.

கட்டிலுக்கு வெளியே கால் நீட்டியே தூங்கிப் பழகினவர் நீங்கள். எத்தனை சொல்லியும் கேட்டதில்லை. இந்த ஒரு தடவை எனக்காக, காலைக் கொஞ்சம் மடக்கிக்குவீங்களா, மாமா?