தயாராகவும் விருப்பமாகவும்

நான் ஓரிடத்தில் நின்றுகொண்டிருந்தால் அங்கேதான் இருக்கிறேன் என்று யாரும் நம்பிவிடக் கூடாது. உடம்பு ரேஷன் கடை வரிசையில் நிற்கும். நான் எங்கோ மேகத்தோடு போய்க்கொண்டிருப்பேன். (எனக்குப் பின்னால் வந்தவர்கள் சர்க்கரை வாங்கி, வீட்டுக்குப் போய், காப்பியும் குடித்திருப்பார்கள்.) இந்த வியாதி 1991-இல் கோர்ட்டுக் கூண்டிலேயே என்னைப் பிடித்துக்கொண்டது.

மண்ணூரில் ஒரு துண்டு நிலம், ஓரத்தில் கிணறு. அதை வாங்க நானும் அக்கா சரோஜாவும் சேர்ந்து முன்பணம் கொடுத்துக் கிரய ஒப்பந்தம் போட்டிருந்தோம். அக்கா நர்ஸ். டியூட்டியை விட்டு அலைய முடியாது என்பதால் எல்லாம் என் பெயரில். நாங்கள் குடியிருந்த வீட்டின் ஓனரம்மா குடத்தை எண்ணித் தண்ணீர் விடுகிறவள். சொந்தக் கிணற்றில் ஆசை தீர இறைக்க வேண்டும் என்பதுதான் அக்காவின் ஒரே வெறி. எனக்கோ கிணற்று மேட்டில் ஒரு மல்லிகைப் பந்தல், கீழே கயிற்றுக் கட்டில், அதில் நான்.

"பந்தல் என் பொறுப்புக்கா, சத்தியமா" என்று அன்றைக்கே வாக்குக் கொடுத்துவிட்டேன்.

அந்தப் பக்கம் ஏதோ கம்பெனி வரப்போகிறது என்று யாரோ கிளப்பிவிட்டார்கள். அவ்வளவுதான், நிலத்துக்காரர் ஏகாம்பரம் பத்திரம் பதிய வராமல் டிமிக்கி கொடுக்க ஆரம்பித்தார். "இன்னா அவசரம் தம்பி? ஆடி போவட்டும்" என்றார். ஆடி போனது. அவரும் போய்விட்டார், மச்சான் வீட்டுக்கு. வேறு வழியில்லாமல், ஒப்புக்கொண்டபடி கிரயம் எழுதித் தரச் சொல்லி வழக்குப் போட்டோம். கோர்ட்டுத் தமிழில் இதற்கு 'ஏற்றதை ஆற்றுதல்' என்று பெயர்.

எங்கள் வக்கீல் தலைப்பாடாக அடித்துக்கொண்டார்: "அவர் பேச்சு மாறிட்டார்னு சொன்னா மட்டும் போதாது. வாங்க நீ கடைசிவரைக்கும் ரெடின்னு காட்டணும். எப்படித் திருப்பித் திருப்பிக் கேட்டாலும், 'தயாராகவும் விருப்பமாகவும் இருந்தேன், இருக்கிறேன்'னு சொல்லு. இது பிசகினா நிலம் போச்சு."

ஒரு வாரம் அதையே ஜபித்தேன். பஸ்ஸில் கண்டக்டர் "சில்லறை கீதாப்பா?" என்றதற்குக்கூட அதையேதான் சொன்னேன்.

விசாரணை நாளில் அக்கா லீவு போட்டு வந்து கடைசி பெஞ்சில் உட்கார்ந்தாள். ஏகாம்பரத்தின் வக்கீலுக்குத் தாலாட்டுகிற குரல். முதல் மூன்று கேள்விகளுக்கும் மனப்பாடப் பதிலைச் சொன்னேன். சபாஷ் என்று என்னை நானே மெச்சிக்கொண்டபோது ஜன்னல் வழியாகக் காற்று வந்தது. வெளியே யாரோ வாளியில் தண்ணீர் இறைக்கும் சத்தம். உருளை கிரீச்சிட்டது. மல்லிகை அரும்பு விட்டது. கட்டில் லேசாக ஆடியது...

தாலாட்டு எங்கோ தூரத்தில் கேட்டது: "...தயாரா?"

"தயாராகவும் விருப்பமாகவும் இருக்கிறேன்!" என்றேன், கணீரென்று.

கோர்ட்டே சிரித்தது. எங்கள் வக்கீல் கேஸ் கட்டைத் தூக்கி முகத்தை மறைத்துக்கொண்டார். ஏகாம்பரத்தின் வக்கீல் கேட்டது, "இந்த வழக்கை வாபஸ் வாங்கத் தயாரா?"

"அடப்பாவி!" இது கடைசி பெஞ்ச்.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "கேள்வி காதுல விழுந்ததா?"

"இல்லீங்கய்யா."

"இவ்வளவு நேரம் எங்கய்யா இருந்தே?"

பொய் சொல்லத் தெரியவில்லை. "கிணத்து மேட்லங்கய்யா. மல்லிச் செடிக்குத் தண்ணி ஊத்திக்கினு இருந்தேன்."

"எந்தக் கிணறு?"

"இந்தக் கேஸ்ல கீதே, அதாங்கய்யா."

வாபஸுக்கு நான் சம்மதித்ததைப் பதிவு செய்ய வேண்டும் என்று ஏகாம்பரத்தின் வக்கீல் குதித்தார். "கிணத்து மேட்டையும் சேத்து ரெண்டையும் பதிவு பண்றேன்" என்று நீதிபதி எழுதத் தொடங்கினார்.

வெளியே வந்ததும் அக்கா அடிப்பாள் என்று பார்த்தேன். அழுதாள். "ஒரு கொடம் தண்ணிடா. அதுக்குத்தானே இம்மாம் பாடு?" அடித்திருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.

தீர்ப்பு வந்தது. ஜெயித்துவிட்டோம். அதில் ஒரு வரியை வக்கீல் இரண்டு முறை வாசித்துக் காட்டினார்: 'சாட்சிக் கூண்டில் நிற்கும்போதே வாதி அந்த நிலத்தில் குடியேறிவிட்டார், அவரது விருப்பத்தைச் சந்தேகிக்க இடமில்லை.'

பத்திரம் பதிந்த அன்று அக்கா இறைத்த முதல் வாளியை அப்படியே என் தலையில் கவிழ்த்தாள்.

இப்போது எங்கள் வாசலில் அந்தக் கம்பெனியின் ஷிப்ட் பஸ் நிற்கிறது. கிணறு இருக்கிறது. கிணற்று மேடு மொட்டையாக இருக்கிறது. அக்கா ரிடையராகிவிட்டாள், வாய் மட்டும் இன்னும் சர்வீஸில் இருக்கிறது. போன ஞாயிற்றுக்கிழமைகூட என் பிள்ளைகள் எதிரில் கேட்டாள்:

"ஏண்டா, பந்தல் எப்போ?"

"தயாராகவும் விருப்பமாகவும் இருக்கேன்க்கா."

"முப்பது வருசமா ரெடியாத்தான் கீறான், இன்னும் குழி தோண்டல" என்றவள், பிள்ளைகளைப் பார்த்து, "உங்கப்பன் மேல ஒரு கேஸ் போட்டாத்தான் ஆவும். நம்ம பழைய வக்கீல் இன்னும் கீறாரா, பாருங்க" என்றாள்.