பன்னிரண்டாம் அட்டை விஷயமாகச் சித்தப்பாவுக்கு

மதிப்புக்கும் பாசத்துக்கும் உரிய சித்தப்பாவுக்கு,

அண்ணன் மகன் வணக்கத்துடன் எழுதுவது. இங்கு அனைவரும் நலம். அங்கு சித்தியும், தங்களைத் தவிர மற்ற எல்லாரும், டிவியைப் பார்த்துச் சிரித்து ஓய்ந்திருப்பார்கள் என்று நம்புகிறேன்.

"அந்த வர்ணனையைக் குழப்புனவன் எவன்டா? உங்க டைரக்டர் விலாசத்தக் குடு, அவன் சீட்டக் கிழிக்காம விடமாட்டேன்" என்று தாங்கள் போனில் கத்தியது நியாயம். ஆனால் விலாசம் தர இயலாது. அணிவகுப்பு நேரலைக்கு வர்ணனை எழுதுகிறவன் நான் ஒருவன்தான். கிழிந்தால் என் சீட்டுதான் கிழியும். நடந்தது இதுதான். ஓர் அணிக்கு ஓர் அட்டை, ஓர் அட்டைக்கு நாற்பது நொடி என்று முன்கூட்டியே எழுதி அடுக்கிவிடுவேன். வாசிக்கிற அம்மா திரையை நிமிர்ந்து பார்க்க மாட்டார், பார்த்தால் வரி தவறிவிடும். பதினோராவதாக வந்த குதிரைப் படையில் ஒரு குதிரை கேமராவுக்கு எதிரே நின்று அடம் பிடித்ததா, வரிசை குலைந்ததா, அதற்குள் அட்டை ஒன்று முந்திவிட்டதா, அப்போது பார்த்துத் தங்கள் ஓய்வுபெற்ற தீயணைப்பு வீரர்களின் பேண்டு வந்துவிட்டதா, கேமராக்காரர் பெரிய டிரம்மையும் அதைத் தாங்கிய தங்கள் வயிற்றையும் திரை நிறையக் காட்ட, அம்மா கணீரென்று வாசித்தார்: "நாளொன்றுக்கு எட்டு டன் குப்பையை விழுங்கும்! முப்பது வருடம் உழைத்தும் இன்னும் புகை விடாது! பின்பக்கம் தானாகத் திறக்கும்!" அது தங்களுக்குப் பின்னால் வந்த குப்பை லாரிக்கு எழுதியது. நான் வாசிப்பு அறையின் கண்ணாடிக்கு வெளியே நின்று இரண்டு கையையும் ஆட்டினேன். பாராட்டுகிறேன் என்று நினைத்து அவர் இன்னும் உரக்க வாசித்துவிட்டார். லாரி வந்ததும், உடற்பயிற்சி செய்யும் பள்ளிப் பிள்ளைகளுக்கு எழுதியதை எடுத்து, "இந்தப் பிஞ்சு உடல்கள் வில்லாக வளைவதைப் பாருங்கள்" என்றார். லாரிக்காரர்கள் யாரும் கோபித்துக்கொள்ளவில்லை என்பதைத் தங்கள் கவனத்துக்குக் கொண்டுவருகிறேன்.

ஆகவே குற்றம் முழுக்கக் குதிரையுடையது. பெரிய மனது பண்ணி, புகார் எழுதும் எண்ணத்தை விட்டு, என் வேலையைக் காப்பாற்றவும்.

சித்தியை விழுந்து வணங்கியதாகச் சொல்லவும்.

தங்கள் கோபம் தணியக் காத்திருக்கும்,
அண்ணன் மகன்

பின்குறிப்பு: குதிரை நிற்கவே இல்லை. அன்று காலை கேண்டீனில், "எங்க சித்தப்பா இன்னைக்கு டிவியில வர்றாரு, என்ன எழுதியிருக்கேன்னு கேளுங்க" என்று தங்கள் அட்டையை மேசை மேசையாகப் போய் வாசித்துக் காட்டிவிட்டு, சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, அடுக்கில் திரும்ப வைக்க மறந்துவிட்டேன். டைரக்டர் விலாசத்தைத் தனித்தாளில் எழுதியிருக்கிறேன். அந்த அட்டையும் கூடவே இருக்கிறது. புகார் எழுதுவதற்கு முன் சித்தியை ஒரு தடவை சத்தமாக வாசிக்கச் சொல்லிக் கேளுங்கள். நாற்பது நொடிதான் ஆகும்.